ரன்னிங் போர்டுக்குள் என்ன நடக்கிறது? கார் துரு பற்றிச் சில கேள்விகள்

வடகிழக்குப் பருவமழைக்கு இன்னும் நாள் இருக்கிறது. இந்தச் சமயத்தில் வந்த கேள்விகளில் பெரும்பாலானவை காரின் உள்பக்கத் துருவைப் பற்றியவை. மனசுக்கு நிறைவாக இருந்தது. கொப்புளம் வெளியே தெரிந்த பிறகு டிங்கர் பட்டறையைத் தேடுகிறவர்கள்தான் அதிகம். முன்கூட்டியே கேட்கிறவர்கள் குறைவு.

தூத்துக்குடியில் கடற்கரைக்குப் பக்கத்தில் வீடு. கார் வாங்கி மூன்று வருடம் ஆகிறது. வெளியே ஒரு பொட்டுத் துரு இல்லை. "கம்பெனியிலேயே எல்லாம் பூசித்தான் வருது, காசை வீணாக்காதீங்க" என்கிறார் பக்கத்து வீட்டுக்காரர். உள்ளே மெழுகு அடிப்பது அவசியமா சார்?

உங்கள் ஊருக்கு ரொம்பவே அவசியம். பக்கத்து வீட்டுக்காரர் சொல்வது பாதி சரி. தொழிற்சாலையில் காரின் வெற்று உடலை அப்படியே ஒரு தொட்டியில் முக்கி, மின்சாரம் பாய்ச்சி முதல் பூச்சைப் படிய வைக்கிறார்கள். வெளித்தகட்டில் அது சுமார் 20 மைக்ரான் கனத்துக்குச் சீராகப் படியும். ஆனால் ரன்னிங் போர்டு (கதவுகளுக்குக் கீழே நீளமாக ஓடும் தகட்டுப் பெட்டி), பில்லர் (கூரையைத் தாங்கும் தூண்) மாதிரி மூடிய பெட்டிகளுக்குள் மின்சாரம் அவ்வளவாக நுழைவதில்லை. உள்ளே போகப் போகப் பூச்சு மெலிந்துவிடும். இரண்டு தகடுகளை ஒன்றன்மேல் ஒன்று வைத்து ஸ்பாட் வெல்டிங் அடித்த இடுக்கில் இன்னும் மோசம். துரு பெரும்பாலும் அங்கேதான் பிறக்கிறது.

அடுத்தது உப்பு. மழைக்காலத்தில் அடுப்படியில் உப்பு ஜாடி கசிகிறதே, அதேதான் காருக்குள்ளும் நடக்கிறது. காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் சாதாரண உப்பு காற்றிலிருந்தே தண்ணீரை இழுத்துக் கரைந்துவிடும். கடல் உப்பில் கலந்திருக்கும் மெக்னீசியம் குளோரைடுக்கு 33 சதவீதமே போதும். ஆக, மழையே பெய்யாவிட்டாலும் உங்கள் ரன்னிங் போர்டுக்குள் படிந்த உப்புத்தூசி ராத்திரி முழுக்க ஈரமாகத்தான் இருக்கும். வெளித்தகட்டை மழை கழுவும், நீங்களும் கழுவுவீர்கள். உள்ளே கழுவ ஆள் கிடையாது. இரும்பு அரிமானத்தைச் சோதிக்கக் காரைக்குடியில் உள்ள மத்திய மின்வேதியியல் ஆய்வு நிறுவனமான சிக்ரி, ராமேஸ்வரம் பக்கத்து மண்டபம் ஊரின் கடலோரத்தில் தனி நிலையம் வைத்திருக்கிறது. நம் தென்கடல் காற்று இரும்புக்கு எவ்வளவு பொல்லாதது என்பதற்கு அதுவே சாட்சி.

மூன்று வருடம் என்பது நல்ல நேரம். உள்ளே பெரும்பாலும் இன்னும் துரு பிடித்திருக்காது. இப்போது அடிக்கும் மெழுகு சுத்தமான பரப்பில் உட்காரும்.

வீட்டிலேயே செய்ய முடியுமா? என்னென்ன வாங்க வேண்டும், எந்த வரிசையில் செய்ய வேண்டும்?

தாராளமாகச் செய்யலாம். பொறுமைதான் வேண்டும். வாங்க வேண்டியது கேவிட்டி வாக்ஸ், அதாவது மூடிய பெட்டிகளுக்குள் அடிக்கும் மெழுகு. காரின் அடியில் பூசும் அண்டர்பாடி கோட்டிங் வேறு, இது வேறு, கடையில் மாற்றிக் கொடுத்துவிடப் போகிறார்கள், பார்த்து வாங்குங்கள். 500 மில்லி ஸ்பிரே கேனோடு இரண்டடி நீளத்துக்கு மெல்லிய குழாயும் வரும். அந்தக் குழாயின் நுனியில் சுற்றிலும் ஓட்டை இருக்க வேண்டும், அப்போதுதான் பெட்டியின் எல்லாப் பக்கமும் படும். ஒரு சின்ன ஹேட்ச்பேக்கின் நான்கு கதவு, இரண்டு ரன்னிங் போர்டு, டிக்கிக் கதவு ஆகியவற்றுக்கு மூன்று நான்கு கேன் பிடிக்கும்.

முதல் வேலை மெழுகு இல்லை. தண்ணீர் வடியும் ஓட்டைகளைத் திறப்பதுதான். கதவின் அடிவிளிம்பைக் குனிந்து பாருங்கள், சின்னச் சின்னப் பிளவுகள் இருக்கும். ஒரு ஈர்க்குச்சியை விட்டு நெருடினால் மண்ணும் இலைத்தூளும் கருப்பாக வரும். ஈர்க்குச்சியைச் சொல்லக் காரணம் உண்டு. ஸ்குரூ டிரைவர் பெயின்ட்டைக் கீறிவிடும், ஈர்க்குச்சி கீறாது. ரன்னிங் போர்டின் அடியிலும் அப்படித்தான். பானெட்டுக்குப் பின்னால், வைப்பர் அடியில் வேப்பிலையும் புங்க இலையும் சேரும் இடத்தையும் விடாதீர்கள்.

இதை இவ்வளவு அழுத்திச் சொல்வதற்கு என் முதல் கார்தான் காரணம். சின்ன விபத்துக்குப் பிறகு இடதுபக்க ரன்னிங் போர்டை ஒரு பட்டறையில் சரிசெய்தார்கள். "தண்ணி உள்ளே போகக் கூடாது" என்று நல்ல எண்ணத்தில் அடி ஓட்டைகளை எல்லாம் சீலன்ட் வைத்து அடைத்துவிட்டார்கள். கதவோரத்து ரப்பர் பட்டியான பீடிங் வழியாகத் தண்ணீர் போய்க்கொண்டுதான் இருந்தது. வெளியே வர மட்டும் வழியில்லை. இரண்டு மழைக்காலம் தாங்கியது. மூன்றாவது வருடம் ஜாக்கி வைத்துத் தூக்கியபோது கார் மேலே வரவில்லை, ஜாக்கிதான் தகட்டுக்குள் ஏறியது. பிஸ்கட்டைக் கிள்ளுவது மாதிரி விரலால் தகட்டைக் கிள்ள முடிந்தது. வலதுபக்க ரன்னிங் போர்டில் யாரும் கைவைக்கவில்லை, அது கடைசிவரை நன்றாக இருந்தது.

ஓட்டைகளைத் திறந்தபின் ரன்னிங் போர்டுக்குள் சாதாரணத் தண்ணீரை விட்டு, கலங்கல் போய்த் தெளியும்வரை கழுவுங்கள். போர்வெல் தண்ணீர் உப்பாக இருந்தால் வேண்டாம், குடிதண்ணீர் எடுங்கள். அப்புறம் கதவுகளைத் திறந்துபோட்டு இரண்டு மூன்று நாள் நல்ல வெயில் காய வேண்டும். கத்திரி வெயில் எல்லோருக்கும் தொல்லை, இந்த வேலைக்கு மட்டும் அது வரம். ஈரத்தின் மேல் மெழுகடித்தால் ஈரத்தையும் சேர்த்துப் பூட்டிவைத்த மாதிரிதான்.

அடிக்கும் முன் ஒரு சோதனை. காலியான தண்ணீர் பாட்டிலுக்குள் குழாயை விட்டு ஒரு நொடி அழுத்துங்கள். சுவர் முழுக்கத் தேன்நிறத்தில் படலம் படிந்தால் நுனி சரி. ஒரு பக்கம் மட்டும் கோடாக வழிந்தால் ஓட்டை அடைத்திருக்கிறது, மண்ணெண்ணெயில் கழுவுங்கள். குழாயின் நுனியிலிருந்து ஒரு சாண் தள்ளி இன்சுலேஷன் டேப் சுற்றிக்கொள்ளுங்கள். இழுக்கும்போது டேப் தெரிந்தால் நுனி வெளியே வரப்போகிறது என்று அர்த்தம், நிறுத்திவிடலாம். இல்லையென்றால் முகத்தில் அடிக்கும். கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி போடாமல் தொடவே வேண்டாம்.

ரன்னிங் போர்டுக்குள் போக வழி ஏற்கெனவே இருக்கும். கதவைத் திறந்ததும் காலடியில் இருக்கும் பிளாஸ்டிக் பட்டியைக் கழற்றினால் ரப்பர் மூடிகள் தெரியும். ஒன்றை எடுத்து, குழாயைக் கடைசிவரை செலுத்தி, அழுத்திக்கொண்டே மெதுவாக இழுங்கள். எதிர்த்திசையிலும் அதேபோல. அடி ஓட்டையிலும் தகட்டுச் சேர்க்கையிலும் மெழுகு கசிந்தால் இடுக்கு வரை இறங்கிவிட்டது என்று பொருள். கதவுக்குக் கண்ணாடியை முழுக்க மேலே ஏற்றிவிட்டு அடிவிளிம்பில் மட்டும் அடியுங்கள். கண்ணாடி ஓடும் தடம், ஸ்பீக்கர், மோட்டார் மேல் படக்கூடாது. மடிப்புள்ள இடங்களில், குறிப்பாக டிக்கிக் கதவின் அடியிலும் பானெட்டின் முன் விளிம்பிலும், தாராளமாக விடுங்கள். முடிந்ததும் மறுபடி ஈர்க்குச்சி எடுத்து ஒவ்வொரு ஓட்டையும் திறந்திருக்கிறதா என்று பாருங்கள்.

நடுப்பில்லரின் அடியில் சீட் பெல்ட்டை இறுக்கும் வெடிக்கருவி இருக்கும். கூரை ஓரத்தில் கர்ட்டன் ஏர்பேக் இருக்கலாம். சர்வீஸ் புத்தகம் பார்த்து இடம் தெரிந்துகொள்ளாமல் பில்லருக்குள் குழாயை விடாதீர்கள். மெழுகில் உள்ள கரைப்பான் எளிதில் தீப்பிடிக்கும். திறந்த வெளியில் செய்யுங்கள், பேட்டரி இணைப்பை எடுத்துவிடுங்கள், சிகரெட், ஊதுவத்தி எதுவும் பக்கத்தில் வேண்டாம்.

எங்கள் அப்பா லாரி ஓட்டியவர். எடுத்த பழைய இன்ஜின் ஆயிலைத்தான் அடியில் பூசுவார். அது போதாதா? மெழுகுவர்த்தியை மண்ணெண்ணெயில் காய்ச்சி அடிக்கலாம் என்றும் ஒருவர் சொன்னார்.

அப்பா காலத்தில் வேறு எதுவும் கிடைக்கவில்லை, இருந்ததை வைத்துச் செய்தார். ஒன்றும் பூசாமல் விட்டதற்கு அது தேவலை. இப்போது வேண்டாம். ஓடிய ஆயிலில் எரிந்த கரியும் அமிலமும் தண்ணீரும் கலந்திருக்கும். தோலில் தொடர்ந்து பட்டால் புற்றுநோய் வரக்கூடிய பொருள்களும் அதில் உண்டு. கதவு பீடிங் ஊதிப்போகும். சொட்டுவதெல்லாம் உங்கள் வாசல் மண்ணில்தான் இறங்கும்.

மெழுகுவர்த்தி யோசனையைக் கேட்டதும் பதறிவிட்டேன். மண்ணெண்ணெயை அடுப்பில் ஏற்றாதீர்கள், தயவுசெய்து. உயிர் போகிற விஷயம். அப்படியே செய்தாலும் பயன் இல்லை. மெழுகுவர்த்தி மெழுகு காய்ந்தால் நொறுங்கும். கார் ஓடும்போது தகடு அதிரும், மெழுகில் விரிசல் விடும், விரிசல் வழியாக ஈரம் போகும். கேவிட்டி வாக்ஸ் காய்ந்த பிறகும் இளகலாகவே இருக்கும்படி செய்தது, துருவைத் தடுக்கும் மருந்தும் அதில் சேர்த்திருக்கும். கிரீஸும் சரிப்படாது. போட்ட இடத்திலேயே கட்டியாக நிற்கும், இடுக்குக்குள் ஊராது.

நாகப்பட்டினம். கார் 11 வருடம் ஓடிவிட்டது. பின்கதவின் அடியில் பெயின்ட் கொப்புளித்திருக்கிறது. உள்ளே மெழுகடித்தால் நின்றுவிடுமா? துரு மாற்றி திரவம் பற்றியும் சொல்லுங்கள்.

கொப்புளம் இருக்கும் இடத்தில் நிற்காது. கதவடியில் வரும் கொப்புளம் அநேகமாக உள்ளிருந்து வந்ததாகத்தான் இருக்கும். துரு இரும்பைவிட அதிக இடம் பிடிக்கும், அதனால்தான் பெயின்ட்டைத் தள்ளிக்கொண்டு வருகிறது. ஸ்குரூ டிரைவரின் பிடியால் மெல்லத் தட்டிப் பாருங்கள். நல்ல தகடு "டங்" என்று கணீரென்று கேட்கும். அரித்த தகட்டில் சத்தம் மட்டையாக வரும், உள்ளே செதில் உதிர்வதும் கேட்கும். அந்தப் பகுதியை வெட்டி எடுத்துப் புதுத் தகடு வைப்பதுதான் வைத்தியம். மேலே பட்டி பார்த்துப் பெயின்ட் அடித்தால் அடுத்த ஐப்பசிக்கு மறுபடி கொப்புளிக்கும். புதுத் தகடு வைத்த பிறகு உள்ளே மெழுகடிக்க மறக்காதீர்கள். வெல்டிங் சூட்டில் பழைய பூச்சு எரிந்துபோயிருக்கும்.

மற்ற மூன்று கதவுகளுக்குக் கட்டாயம் அடியுங்கள். மேலோட்டமான துரு மட்டும் இருந்தால் ஊடுருவும் தன்மையுள்ள மெழுகு அதற்குள் ஊறி, அரிப்பதை நன்றாகவே மந்தப்படுத்தும். உதிரும் செதிலை முதலில் தட்டி, காற்றடித்து வெளியே எடுத்துவிட வேண்டும்.

துரு மாற்றி என்பது துருவைக் கறுப்புப் படலமாக மாற்றும் திரவம். பலவற்றில் இருப்பது டானிக் அமிலம். கடுக்காயில் இருப்பதும் அந்த இனம்தான். கடுக்காய்ச் சாறும் அன்னபேதி என்ற இரும்பு உப்பும் சேர்த்து மை காய்ச்சினார்களே, இரும்போடு சேர்ந்து கறுப்பது அதேபோலத்தான். கைக்கு எட்டும், பிரஷ்ஷால் தேய்க்க முடிகிற இடத்தில் அது நன்றாக வேலை செய்யும். மூடிய பெட்டிக்குள் எங்கே பட்டது, எங்கே படவில்லை என்று தெரியாது. அங்கே மெழுகையே நம்புங்கள்.

அண்டர்பாடி கோட்டிங் செய்துவிட்டேன். அது போதும்தானே?

போதாது. அது அடித்தகட்டின் வெளிப்பக்கத்தைக் கல்லடியிலிருந்து காப்பாற்றும், பெட்டிக்குள் ஒரு துளியும் போகாது. அடிக்கும்போது ரன்னிங் போர்டின் ஓட்டைகளையும் சேர்த்து மூடிவிட்டார்களா என்று இன்றைக்கே குனிந்து பாருங்கள். மூடியிருந்தால் உடனே குத்தித் திறங்கள்.

குழாய் விட ஓட்டை இல்லாத இடத்தில் டிரில் போடலாமா?

வேண்டாம். இருக்கும் ரப்பர் மூடிகளே பெரும்பாலும் போதும். புது ஓட்டையின் வெட்டுவாய் பச்சை இரும்பாக நிற்கும், உள்ளே விழும் சுருளும் துருவாகும், வயரிங் எங்கே ஓடுகிறது என்பதும் தெரியாது. நுரை ஸ்பிரே வாங்கி உள்ளே நிரப்பலாமா என்று கேட்ட இருவருக்கும் இதே பதில்: வேண்டாம். நுரைக்கும் தகட்டுக்கும் நடுவே தண்ணீர் சிக்கினால் வெளியே வராது.

சென்னை, வேளச்சேரி. 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலில் கார் சீட் அளவுக்கு மூழ்கியது. இன்ஜின், வயரிங் எல்லாம் பார்த்துவிட்டார்கள். ரன்னிங் போர்டை யாரும் பார்க்கவில்லை.

நீங்களாவது பாருங்கள். போனில் மாட்டும் எண்டாஸ்கோப் கேமராவை ரப்பர் மூடி வழியாக விட்டால் எல்லாம் தெரியும். வெள்ளம் வடிந்தபின் தண்ணீர் போய்விடும், சேறு போகாது. அது பெட்டியின் அடியில் ஈரத்துணி மாதிரி படிந்து கிடக்கும். காய்ந்த சேற்றை முதலில் தண்ணீர் விட்டு ஊற வையுங்கள், பிறகு நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவுங்கள், ஒரு தடவையில் தீராது. கார்ப்பெட்டுக்கு அடியில் இருக்கும் பஞ்சையும் தொட்டுப் பாருங்கள், அது மாதக்கணக்கில் ஈரத்தை வைத்திருக்கும். ஒரு வாரமாவது காய விட்டுத்தான் மெழுகு.

டொரன்டோ, ஸ்கார்பரோ. இங்கே வருஷா வருஷம் எண்ணெய் அடிக்கிறார்கள் அண்ணா. மெழுகு நல்லதா, எண்ணெய் நல்லதா?

உங்கள் பகைவன் கடல் உப்பு இல்லை, பனியில் சாலையில் கொட்டும் உப்பு. அது காருக்கு அடியிலிருந்து நேராக அடிக்கும். எண்ணெய் இடுக்குக்குள் அருமையாக ஊரும், ஆனால் வழிந்துபோகும், அதனால்தான் வருஷா வருஷம். மெழுகு பல வருடம் நிற்கும், ஆனால் ஏற்கெனவே துருப்பிடித்த இடுக்கில் எண்ணெய் அளவுக்கு ஊராது. புதுக் காருக்கு மெழுகு, பழசுக்கு எண்ணெய் என்பேன். பனி பெய்த நாளில் உப்போடு வந்த காரை ஹீட்டர் போட்ட கராஜில் அப்படியே நிறுத்தாதீர்கள். உறைகுளிரில் துரு மந்தமாகத்தான் நடக்கும். சூட்டில் பனி உருகி உப்புத்தண்ணீர் ஆனதும் வேகம் பிடிக்கும்.

மெழுகடித்து இரண்டு வாரம் ஆகிறது. வெயிலில் நிறுத்தினால் கதவடியில் சொட்டுகிறது. தப்பாகச் செய்துவிட்டேனா? மறுபடி எப்போது அடிக்க வேண்டும்?

தப்பில்லை. அதிகப்படியான மெழுகு வழிவதுதான், ஓட்டை திறந்திருக்கிறது என்பதற்கும் அதுவே அடையாளம். வாசலில் ஒரு அட்டையைப் போட்டுவைத்து, பெயின்ட்டில் வழிந்ததை மண்ணெண்ணெய் நனைத்த துணியால் துடைத்துவிட்டு ஷாம்பு போட்டுக் கழுவுங்கள். ஒரு மாதம் தாண்டியும் நிற்காமல் சொட்டினால் அந்த மெழுகு நம் வெயிலுக்குத் தாங்காத ரகம்.

வருடத்துக்கு ஒரு தடவை, புரட்டாசி வாக்கில், ரப்பர் மூடி ஒன்றைத் திறந்து விரலை உள்ளே விட்டுத் தடவிப் பாருங்கள். லேசாகப் பிசுக்கென்று ஒட்டினால் மூடிவிடுங்கள், அந்த வருஷம் வேலை இல்லை. விரல் காய்ந்த தூசியோடு வந்தால் அங்கே மட்டும் மறுபடி ஒரு கை அடியுங்கள்.