பெற்றோருடன் பொம்பெயி பார்க்கப் போகிறோம். சிறு குழுவாக கைடுடன் போவது நல்லதா, நாமே சுற்றிப் பார்த்தால் போதாதா?

"கைடுக்குக் கொடுக்கிற காசுக்கு நாலு பீட்சா சாப்பிடலாம், எல்லாம் யூடியூபில் இருக்கிறது" என்று இதே கேள்விக்கு ஒருவர் பதில் எழுதியிருக்கிறார். அதற்கு ஏகப்பட்ட ஆதரவு வேறு. அதைப் பார்த்த பிறகு சும்மா போக மனம் வரவில்லை.

என் பதில்: கைடு வைத்துக்கொள்ளுங்கள். பத்துப் பன்னிரண்டு பேருக்கு மேல் போகாத குழுவாகப் பாருங்கள். வயதானவர்களைக் கூட்டிக்கொண்டு போகிறீர்கள் என்றால் இதில் யோசிக்கவே வேண்டாம்.

நீங்களும் எங்களைப் போல ஐரோப்பாவில் எங்கோ வேலையில் இருக்கிறீர்கள், அப்பா அம்மா மூன்று மாத விசாவில் வந்திருக்கிறார்கள், ஈஃபில் கோபுரமும் சுவிஸ் பனிமலையும் முடிந்தது, அடுத்து இத்தாலி என்று வைத்துக்கொள்கிறேன். அப்படி இல்லையென்றால் தேவையானதை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் அந்த இடத்தைப் பற்றி. பொம்பெயியை ஒரு கோயில் மாதிரியோ கோட்டை மாதிரியோ நினைத்துக்கொண்டு போனால் ஏமாற்றம்தான். அது ஒரு முழு ஊர். சுமார் 66 ஹெக்டேர். கி.பி. 79இல் வெசுவியஸ் வெடித்து சாம்பலும் நுரைக்கல்லும் மூடிய ஊரை 1748இல் தோண்ட ஆரம்பித்தார்கள். இன்னமும் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மண்ணுக்குள்தான் இருக்கிறது. தோண்டியதிலும் கண்ணைப் பறிக்கிற ஓவியங்களில் பலவற்றைப் பெயர்த்து நேப்பிள்ஸ் அருங்காட்சியகத்துக்குக் கொண்டுபோய்விட்டார்கள். 'ஃபான் வீடு' என்கிற பெரிய மாளிகையின் தரையில், சின்னச்சின்னக் கல் பதித்துச் செய்த அலெக்சாண்டர் படம்கூட நகல்தான். ஆக, நீங்கள் பார்க்கப்போவது பெரும்பாலும் கூரையில்லாத சுவர்களும் கருங்கல் தெருக்களும். யாரும் எதுவும் சொல்லாமல் அரை மணி நேரம் நடந்தால் எல்லாத் தெருவும் ஒரே தெருவாகிவிடும். நிழலும் கிடையாது. "இதைப் பார்க்கவா இவ்வளவு தூரம்?" என்று அம்மா கேட்பார். நியாயமான கேள்விதான்.

ஆடியோ கருவி வாங்கிக்கொள்ளலாமே என்பீர்கள். வாங்கலாம். அது பேசும், நீங்கள் கேட்பீர்கள். உங்கள் அப்பா கேட்கிற கேள்விக்கு அதனிடம் பதில் இருக்காது. நான் இதை எழுதுவதே அந்த ஒரு விஷயத்துக்காகத்தான்.

என் அப்பா ஒரு சின்ன ஊர் நகராட்சியில் குடிநீர்ப் பிரிவில் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். ஆங்கிலம் பேச வராது, சொன்னால் கொஞ்சம் புரியும். ரோமில் கொலோசியத்தைப் பார்த்து "பெருசாத்தான் இருக்கு" என்றதோடு சரி. அருங்காட்சியகம் என்றாலே உட்கார நாற்காலி தேடுவார். பொம்பெயிக்கும் எங்களுக்காகத்தான் வந்தார்.

குழுவில் எங்கள் நால்வரையும் சேர்த்து ஒன்பது பேர். கைடு ஐம்பது வயது மதிக்கத்தக்க அம்மையார், தொல்லியல் படித்தவர், கழுத்தில் அரசு உரிம அட்டை. மரீனா வாயிலில் ஏறி உள்ளே போய், ஊர் நடுவிலுள்ள பொதுச் சதுக்கம், பொதுக் குளியலறை, ரொட்டிக்கடை என்று வழக்கமான பாதைதான். ரொட்டிக்கடையில் எரிமலைக்கல்லால் செய்த மாவு அரைக்கும் இயந்திரங்களை அம்மா சுற்றிச்சுற்றிப் பார்த்தார். அப்பா வாட்சைப் பார்த்தார்.

அப்புறம் ஒரு தெருமுனை. அங்கே கல்தொட்டி ஒன்று, அதற்கு மேல் முகம் செதுக்கிய குழாய்க்கல். இப்படிப்பட்ட பொதுக் குழாயடிகள் ஊருக்குள் நாற்பது வரை இருக்கின்றன. தொட்டியின் விளிம்பில் கையை ஊன்றிக் குனிந்து குடித்துக்குடித்துக் கல்லே வழவழவென்று தேய்ந்திருப்பதை கைடு காட்டிக்கொண்டிருந்தார். எல்லோரும் அதைப் படம் எடுத்தார்கள். அப்பா மட்டும் அதற்குப் பக்கத்தில் நின்ற உயரமான தூணையே அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். கட்டடம் எதையும் தாங்காமல் தனியாக நிற்கிற தூண், ஆறு மீட்டர் இருக்கும், பக்கவாட்டில் மேலிருந்து கீழ்வரை ஒரு பள்ளம்.

"ஏம்மா, அந்தம்மாகிட்ட கேளு. இது மேல தொட்டி இருந்திருக்கணுமே? இந்தக் காடியில பைப் ஏறியிருக்கும்."

நான் மொழிபெயர்த்தேன். கைடு பேச்சை நிறுத்திவிட்டு அப்பாவைப் பார்த்தார். "இவர் என்ன வேலை செய்தார்?" என்று கேட்டார். சொன்னேன். அதற்குப் பிறகு அந்த நாள் வேறு மாதிரி போனது.

அப்பா சொன்னது சரி. அது தண்ணீர்க் கோபுரம்தான். மேலே ஈயத்தால் ஆன தொட்டி இருந்தது. ஊரின் மிக மேடான இடம் வெசுவியஸ் வாயில். மலைப்பக்கமிருந்து கால்வாயில் வரும் தண்ணீர் அங்கே ஒரு பங்கீட்டுக் கட்டடத்துக்குள் விழும். அங்கிருந்து ஈயக் குழாய்களில் ஊருக்குள் இறங்கும். மேட்டுக்கும் தெற்கே ஸ்டாபியா வாயிலுக்கும் முப்பது மீட்டருக்கு மேல் இறக்கம். "பத்து மீட்டருக்கு ஒரு கிலோ பிரஷர். நேரா விட்டா கீழ மூணு கிலோ வரும். தகட்ட வளைச்சு ஒட்டுன குழாய், தாங்காது, பிளந்துக்கும்" என்றார் அப்பா. அதற்காகத்தான் வழியில் அங்கங்கே இந்தக் கோபுரங்கள். ஒவ்வொன்றிலும் தண்ணீர் தொட்டிக்கு ஏறி, அழுத்தம் தணிந்து, மறுபடி இறங்கி, பக்கத்துக் குழாயடிக்கும் வீடுகளுக்கும் பிரியும். இப்படிப் பத்துக்கும் மேற்பட்ட கோபுரங்கள் அந்த ஊரில் நிற்கின்றன. நான் இணையத்தில் படித்துவிட்டுத்தான் போனேன். அந்தத் தூண்களில் ஒன்றுகூட என் கண்ணில் படவில்லை.

தகட்டை வளைத்து ஒட்டிய குழாய் என்பது அப்பாவுக்கு எப்படித் தெரியும் என்று கேட்பீர்கள். நடைபாதை ஓரத்தில் ஓர் இடத்தில் அசல் ஈயக் குழாய் அப்படியே வெளியே தெரிகிறது. அங்கே குந்தி உட்கார்ந்து பார்த்தார். குழாயின் மேல்பக்கம் நெடுக ஒட்டுத்தடம் ஓடுகிறது, அதனால் வட்டமாக இல்லாமல் மேலே கூம்பியிருக்கும். ஊரில் பழைய வார்ப்பிரும்புக் குழாய்களுக்கு ஈயத்தை உருக்கி ஊற்றி இணைப்புப் போட்ட கை அவருடையது. "ஈயம் உடம்புக்கு ஆகாதே?" என்று குழுவில் ஒரு டச்சு ஆசிரியை கேட்டதற்கு, தண்ணீரில் சுண்ணாம்பு அதிகம், அது குழாய்க்குள் படிந்து ஈயத்தை மூடிவிடும் என்று கைடு சொல்ல, மொழிபெயர்க்கும் முன்பே அப்பா தலையாட்டினார்.

மற்றவர்களிடம் கேட்டுவிட்டு கைடு பாதையை மாற்றினார். ஏதோ ஒரு பணக்கார வீட்டைக் கைவிட்டு, வெசுவியஸ் வாயில்வரை ஏறிப்போனோம். கூட்டமே இல்லை. செங்கல் கட்டடம், வெளிச்சுவரின் அடிப்பகுதியில் மூன்று திறப்புகள். ரோமானியப் பொறியாளர் விட்ருவியஸ் சொன்னபடி குழாயடிக்கு ஒன்று, குளியலறைகளுக்கு ஒன்று, தனி வீடுகளுக்கு ஒன்று என்று முன்பு விளக்கம் கொடுத்துவந்தார்கள். கைடு அதைச் சொல்லி முடிப்பதற்குள், "அதெல்லாம் இல்ல, ஏரியா பிரிச்சு விட்டிருப்பான். ஒரு லைன்ல ரிப்பேர்னா அத மட்டும் அடைச்சா போதும்" என்றார் அப்பா. இப்போதைய ஆய்வாளர்கள் பலரும் பகுதி பகுதியாகப் பிரித்ததாகத்தான் நினைக்கிறார்கள் என்று கைடு சிரித்துக்கொண்டே சொன்னார்.

இன்னொன்றும் சொன்னார். கி.பி. 62இல் ஒரு பெரிய நிலநடுக்கம். குழாய் அமைப்பு சேதமாகி, எரிமலை வெடித்த சமயத்திலும் பழுதுபார்க்கும் வேலை நடந்துகொண்டிருந்தது. தெருவோரம் குழாய் பதிக்கத் தோண்டிய பள்ளங்கள் மூடப்படாமல் சாம்பலால் நிரம்பியிருப்பதைத் தோண்டும்போது பார்த்திருக்கிறார்கள். இதை மொழிபெயர்த்ததும் அப்பா சத்தம் போட்டுச் சிரித்தார். அந்தப் பயணத்தில் அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்தது அங்கேதான்.

இப்போது சொல்லுங்கள், கைடு தூக்கிப் பிடித்த குடையின் பின்னால் நாற்பது பேர் ஓடுகிற குழுவில் இது நடக்குமா? அங்கே கேள்வி கேட்கவே முடியாது. காதில் மாட்டிய கருவியில் குரல் வந்துகொண்டிருக்கும், ஆள் அடுத்த தெருவுக்குப் போயிருப்பார். பல வீடுகளில் ஒரு அறைக்குள் பத்துப் பேர் நின்றாலே மூச்சு முட்டும். பெரிய குழுவில் பாதிப்பேர் வாசலிலேயே நின்றுவிட்டு வருவார்கள்.

கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். எங்கள் சொந்தத்தில் என் அப்பாவை அறிமுகம் செய்வதே "தண்ணி தொறந்து விடுறவரு" என்றுதான். என் கல்யாணத்தில் ஒரு பெரியப்பா மாப்பிள்ளை வீட்டாரிடம் அப்படித்தான் சொன்னார், அப்பாவை வைத்துக்கொண்டே. பேங்க்கில் கையெழுத்துப் போடுகிறவருக்கு இருக்கிற மரியாதை, நடு ராத்திரியில் இடுப்பளவு சேற்றில் நின்று மெயின் லைன் உடைப்பை அடைக்கிறவருக்குக் கிடையாது. மழைக்காலத்தில் அவர் தீபாவளிக்கு வீட்டில் இருந்ததே அபூர்வம். ஓய்வு பெற்ற அன்று ஒரு சால்வை, ஒரு சுவர்க் கடிகாரம். எந்த வால்வு எங்கே புதைந்திருக்கிறது என்று அவர் தலைக்குள் இருந்த வரைபடத்தை ஒருவரும் கேட்டு எழுதிக்கொள்ளவில்லை. ஒரு இத்தாலியப் பெண்மணி கேட்டார். சரி, விடுங்கள்.

எல்லா கைடும் இப்படி இருப்பார்களா என்றால், மாட்டார்கள். எங்களுக்கு வாய்த்தது அதிர்ஷ்டம் என்று யாராவது எழுதுவதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். மனப்பாடம் செய்ததை ஒப்பிக்கிறவர்களும் உண்டு. "சிறு குழு" என்று விளம்பரம் போட்டு இருபத்தைந்து பேரை ஏற்றுகிறவர்களும் உண்டு. ஆகவே பணம் கட்டும் முன் அதிகபட்சம் எத்தனை பேர் என்று எழுத்தில் கேளுங்கள், வேறு குழுவுடன் சேர்ப்பீர்களா என்றும் கேளுங்கள். நுழைவுச்சீட்டு கட்டணத்தில் சேர்ந்ததா என்று பாருங்கள். 2024 நவம்பரிலிருந்து ஒரு நாளைக்கு 20,000 பேர்தான், சீட்டில் பெயரும் இருக்கும், பாஸ்போர்ட்டைக் கையில் வைத்திருங்கள். நேப்பிள்ஸிலிருந்து ரயிலில் போய் இறங்கும் பொம்பெயி ஸ்காவி நிலையத்து வாசலிலேயே சிலர் சூழ்ந்துகொண்டு "உள்ளே பெரிய வரிசை" என்பார்கள். எங்கள் நண்பர் குடும்பம் அங்கே ஒருவரிடம் பணம் கொடுத்துவிட்டு, ஆள் சேரட்டும் என்று முக்கால் மணி நேரம் வெயிலில் நின்றது. மாதத்தின் முதல் ஞாயிறு நுழைவு இலவசம். அந்த இலவசத்துக்கு ஆசைப்பட்டு அன்றைக்குப் போகாதீர்கள். பெரிய பையை உள்ளே விடமாட்டார்கள்.

இரண்டு மணி நேரத்தில் சுற்றுலா முடிந்துவிடும். முடிந்ததும் வெளியே வராதீர்கள். அப்போதுதான் உங்களுக்குப் பார்க்கத் தெரிந்திருக்கும். ஊரின் கிழக்கு மூலையில் உள்ள வட்டரங்குக்குப் போங்கள், கூட்டம் குறைவு. கி.மு. 70 வாக்கில் கட்டியது, இப்போது நிற்கிற கல் வட்டரங்குகளில் இதுதான் மிகப் பழையது. கி.பி. 59இல் இங்கே பக்கத்து ஊர் நூகேரியா ரசிகர்களோடு அடிதடியாகி, உயிர்கள் போய், பத்து வருஷம் போட்டி நடத்தத் தடை போட்டார்கள்.

பெற்றோர் என்பதால் இன்னொன்று. வழக்கமான பாதையில் லூபனார் என்கிற விலைமாதர் விடுதி வரும், சுவரில் படங்களோடு. சிறு குழு என்றால் கைடிடம் முதலிலேயே காதில் போட்டுவிடலாம், நாங்கள் அப்படித்தான் நழுவினோம். ஆனால் 2023இல் மறுபடி திறந்த வெட்டியஸ் என்ற பெயர்கொண்ட இருவருடைய வீட்டில் நழுவ வழியில்லை. வாசலிலேயே சுவரோவியத்தில் பிரியாபஸ் என்கிற வளமைக் கடவுள் தன் அளவு மீறிய உறுப்பைத் தராசில் வைத்து நிறுத்துக்கொண்டிருப்பார். நானும் கணவரும் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றோம். அம்மா அலட்டிக்கொள்ளவே இல்லை. "திருஷ்டிக்கு வெச்சிருக்கான்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். கைடு சொன்ன விளக்கமும் அதுதான், செல்வச் செழிப்பும் கண்ணேறு கழிப்பும்.

"முதலில் கீழடியைப் பார்த்தாயா?" என்று கேட்க வருகிறவர்களுக்கு: பார்த்தேன், அப்பாவோடுதான். இது போட்டி இல்லை.

கடைசியாக, பொம்பெயியோடு நேப்பிள்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1938இல் பொம்பெயியின் ஒரு வீட்டில் கிடைத்த இந்தியத் தந்தச் சிற்பம் அங்கே இருக்கிறது. லட்சுமி என்று பெயர் வைத்துவிட்டார்கள், யட்சியாக இருக்கலாம் என்பவர்களும் உண்டு. அதை வைத்திருப்பது ஆபாசக் கலைப்பொருட்களுக்கென்று ஒதுக்கிய 'ரகசிய அறை'யில். அம்மாவைக் கூட்டிக்கொண்டு போவதா வேண்டாமா என்பது உங்கள் பாடு. செவ்வாய்க்கிழமை அருங்காட்சியகம் மூடியிருக்கும்.