காணிக் கேள்விகள்: வரித் துண்டு உறுதி ஆகுமா?

கேள்வி: ஐயா, யாழ்ப்பாணம் இணுவிலில் அம்மம்மாவின் பேரில் 6 பரப்புக் காணி இருக்கிறது. 1974இல் விலைக்கு வாங்கியது. 1995 இடப்பெயர்வில் காணி உறுதி (பத்திரம்) தொலைந்துவிட்டது. அம்மம்மா இப்போது இல்லை. பிள்ளைகள் அம்மாவும் மாமாவும்தான். மாமாவின் மகன், முழுக் காணியும் தங்களுடையது என்று வெளிப்படுத்தல் உறுதி ஒன்றை எழுதி, பிரதேச சபை வரியையும் தன் பேருக்கு மாற்றிவிட்டார். "பத்து வருடத்துக்கு மேல் எங்கள் ஆட்சி" என்கிறார். இனி எங்களுக்குப் பங்கு இல்லையா?

பதில்: வரித் துண்டைப் பார்த்துப் பயந்துவிட்டீர்கள் தங்கச்சி. சபைக்கு வேண்டியது வரிக் காசு. யார் கட்டினார் என்பதற்குத்தான் அது சாட்சி, யாருடைய காணி என்பதற்கு அல்ல. வெளிப்படுத்தல் உறுதியும் அப்படித்தான். "இது என்னுடையது" என்று தானே எழுதித் தானே கையெழுத்து வைத்தது, மற்றவரின் பங்கை எப்படி விழுங்கும்?

95இல் சொப்பிங் பையில் உறுதிகளைச் சுற்றி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நாவற்குழிப் பாலம் கடந்தவர்களும் உண்டு, பெட்டிக்குள் விட்டுவிட்டு வந்தவர்களும் உண்டு. தொலைந்தது உங்கள் பிரதி மட்டும். நொத்தாரிசு எழுதும் ஒவ்வொரு உறுதிக்கும் இன்னொரு பிரதி காணிப் பதிவகத்துக்குப் போகும். உறுதி இலக்கம், நொத்தாரிசின் பெயர், திகதி மூன்றும் தெரிந்தால் தேடல் சுலபம். ஒன்றும் தெரியாவிட்டால் காணியின் பெயரையும் நாலு எல்லைக்காரரையும் எழுதிக்கொண்டு போங்கள். கிழக்குப் பக்கத்து வளவுக்காரரின் பழைய உறுதியில் "மேற்கு" என்ற இடத்தில் உங்கள் அம்மம்மாவின் பேர் இருக்கும். அதுவும் தேடலுக்கு ஒரு நூல்முனை.

பத்து வருடம் ஆண்டால் காணி சொந்தம் என்ற கதை அந்நியனுக்குப் பொருந்தும். ஒரே காணியில் பங்காளிகளுக்குள் அது அவ்வளவு எளிதல்ல. ஒரு பங்காளியின் ஆட்சி மற்றப் பங்காளிக்காகவும் என்பதுதான் 1911இல் பிரிவி கவுன்சில் (அப்போது இலங்கை வழக்குகளுக்கு இறுதி மேல்முறையீடு கேட்ட லண்டன் மன்றம்) தீர்த்த வழக்கிலிருந்து வரும் நிலைப்பாடு. "உனக்குப் பங்கில்லை" என்று வெளிப்படையாக மறித்து அதற்குப் பிறகும் பத்து வருடம் ஆண்டிருந்தால்தான் அவர் வாதம் எடுபடும். ஆகவே எப்போது மறித்தார், யார் முன் சொன்னார் என்று இன்றே எழுதி வையுங்கள்.

ஒன்றை நீங்கள் சொல்லவில்லை. உங்கள் அம்மாவுக்குச் சீதன உறுதி எழுதப்பட்டதா? எழுதியிருந்தால், தேசவழமையில் (யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டம்) சீதனம் வாங்கிய மகளுக்கு முதுசத்தில், அதாவது பெற்றோர் வழிச் சொத்தில், பங்கில்லை என்ற பழைய வாதத்தை மாமா பக்கம் நிச்சயம் கிளப்பும். சட்டத்தரணியிடம் இதை முதல் நாளே சொல்லிவிடுங்கள், மறைக்க வேண்டாம்.

பிறகு பதிவகத்தில் கேவியட் (முன்னெச்சரிக்கை அறிவித்தல்) போட்டு வைத்தால், அந்தக் காணிக்கு யாராவது உறுதி பதிய வரும்போது உங்களுக்குத் தெரிவிப்பார்கள். பேசித் தீராவிட்டால் 1977ஆம் ஆண்டுப் பங்கீட்டுச் சட்டத்தின் கீழ் காணியைப் பிரித்துத் தரக் கேட்கும் வழக்கு. வருடங்கள் போகும், காணி அளக்கும் சேவையருக்கும் காசு போகும். ஆனாலும் வேலிக் கதியாலைப் பிடுங்கிப் போட்டுப் பொலிசுக்குப் போவதைவிட அது மலிவு. சேவையர் காணிப் படம் கீறினால் பேர்ச் கணக்கில் வரும். 6 பரப்பு என்றால் 60 பேர்ச்.

கேள்வி: எங்கள் உறுதியில் காணிப் பெயர் ஓர் எழுத்துப் பிழை. வங்கி ஏற்க மறுக்கிறது.

பதில்: நான் எழுதுவினைஞராக இருந்த கந்தோரிலேயே "புளியடி" ஒருமுறை "புலியடி" ஆகி, அதைப் பார்த்து எழுதிய அடுத்த உறுதியும் புலியோடு போனது. பேனையால் வெட்டித் திருத்தாதீர்கள். முழு உறுதியிலும் சந்தேகம் வந்துவிடும். விற்றவரும் வாங்கியவரும் உயிரோடிருந்தால் இருவரும் சேர்ந்து திருத்த உறுதி எழுதிப் பதியுங்கள். விற்றவர் கனடாவில் என்றால் தனக்காக இன்னொருவர் கையெழுத்திட அதிகாரம் தரும் அற்றோணித் தத்துவம் அனுப்பச் சொல்லலாம்.