தாமதச் சுழல் ஏன் இரட்டிப்பாகிறது? 8085 கையேட்டில் பார்க்க வேண்டிய இடம்

கொழிஞ்சாம்பாறையைச் சேர்ந்த பாலிடெக்னிக் மாணவர் ஒருவர் கேட்கிறார்: "8085 மைக்ரோபிராசசர் பயிற்சிக் கிட்டில் சி ரிஜிஸ்டரில் எஃப்எஃப் (அதாவது 255) ஏற்றி, அதில் ஒன்றைக் குறைக்கும் டிசிஆர், பூஜ்யம் வராதவரை திரும்பத் தாவும் ஜேஎன்இசட் ஆகிய கட்டளைகளைக் கொண்டு, நேரம் கடத்தும் ஒரு தாமதச் சுழல் எழுதினேன். கடிகாரத் துடிப்பு தரும் கிரிஸ்டல் 6.144 மெகாஹெர்ட்ஸ். கணக்கில் 0.58 மில்லி விநாடி வருகிறது, ஆஸிலோஸ்கோப்பிலோ 1.16 காட்டுகிறது. சிப்பை மாற்றச் சொல்கிறார் கடைக்காரர். மாற்றலாமா?"

மாற்ற வேண்டாம் தம்பி, சிப்பில் பழுதில்லை. கையேட்டில் கிரிஸ்டல் இணையும் 1, 2 ஆகிய கால்களை (பின்களை) விளக்கும் இடத்தில், கிரிஸ்டலின் அதிர்வெண் உள்ளே இரண்டால் வகுக்கப்படும் என்று ஒரே ஒரு வரி இருக்கிறது. கட்டளைகளின் நேர அட்டவணையை மட்டும் புரட்டுபவர் கண்ணில் அது படுவதில்லை. ஆகவே உங்கள் கிட் ஓடுவது 3.072 மெகாஹெர்ட்ஸில், ஒரு டி-ஸ்டேட் (ஒரு கடிகாரத் துடிப்பின் நேரம்) ஏறத்தாழ 0.3255 மைக்ரோ விநாடி.

அட்டவணையில் ஜேஎன்இசட்டுக்கு நேரே 7/10 டி-ஸ்டேட் என்றிருப்பதையும் கவனியுங்கள். தாவும்போது 10, தாவாமல் கீழே இறங்கும்போது 7. டிசிஆருக்கு 4 என்பதால் ஒரு சுற்றுக்கு 14; 255 சுற்றுக்கு 3570; கடைசிச் சுற்றில் தாவாததால் 3 குறையும்; தொடக்கத்தில் எண்ணை ஏற்றும் எம்விஐ கட்டளைக்கு 7 கூடும்; மொத்தம் 3574, அதாவது 1.163 மில்லி விநாடி. அந்த மூன்று டி-ஸ்டேட் இங்கே ஒரு மைக்ரோ விநாடிதான் என்றாலும், இதே சுழலை வேறொரு சுழலுக்குள் வைத்து 255 முறை ஓட்டினால் ஒவ்வொரு முறையும் மூன்று குறைந்து, மொத்தத்தில் கால் மில்லி விநாடி பிசகும்.

நான் பெரிதும் அஞ்சுவது கல்லூரி வாசலில் விற்கும் கைடுகளைத்தான். 1974-இல் வந்த முந்தைய சிப்பான 8080-இன் அட்டவணையை அப்படியே எடுத்து 8085 என்று தலைப்பிட்ட கைடு ஒன்றை நானே காசு கொடுத்து வாங்கியிருக்கிறேன். அதில் டிசிஆருக்கு 5 என்றிருந்தது. ஆய்வகத்தில் மூலக் கையேட்டின் ஒரு பிரதிகூட வைக்காமல் ரெக்கார்டு நோட்டை மட்டும் கேட்டால், பிள்ளைகள் கைடைத் தேடி ஓடாமல் என்ன செய்வார்கள்?

"வேகமான சிப்" என்று கடைக்காரர் நீட்டுவதிலும் எச்சரிக்கை தேவை. பழைய எழுத்தைச் சுரண்டி, மேலே கறுப்புப் பூசி, 5 மெகாஹெர்ட்ஸ் வகை எனப் புதிதாக அச்சிட்டவை சந்தையில் உண்டு. அசிட்டோன் தொட்ட பஞ்சால் தேய்த்தால் அந்தப் பூச்சு பெரும்பாலும் கரைந்து வந்துவிடும். அசல் வேகச் சிப்பே ஆனாலும், கிரிஸ்டல் மாறாதவரை உங்கள் சுழலின் நேரம் மாறாது.

நாளை ஆஸிலோஸ்கோப்பின் முனையை, கடிகாரத் துடிப்பு வெளியே வரும் 37-ஆம் காலில் வையுங்கள். 3.072 தெரிந்தால், நோட்டில் 1.163 என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.