அட்டை வீடும் கணினி வீடும் பொம்மையாகத் தெரிவது ஏன்?

"அளவெல்லாம் சரியாகத்தான் எடுத்தேன். அட்டையில் செய்த ஓட்டு வீடும், பிளெண்டர் என்ற முப்பரிமாண மென்பொருளில் செய்த அதே வீடும் பொம்மை வீடாகவே தெரிகின்றன. எங்கே தவறு?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

நீளத்தையும் உயரத்தையும் எல்லோரும் சரியாக எடுத்துவிடுகிறோம். கோட்டை விடுவது கனத்தில்.

எங்கள் பாட்டி வீட்டை விற்பதற்கு முன் இரண்டு நாள் டேப்பும் கையுமாக அலைந்து அளந்தேன். மண் சுவர் ஒன்றரை அடி கனம், சுமார் 45 செ.மீ. 1:50 அளவில், அதாவது நிஜத்தில் ஐம்பதில் ஒரு பங்காக, அது 9 மி.மீ. நானோ கடையில் கிடைத்த 5 மி.மீ. ஃபோம் போர்டை (இரு தாள்களுக்கு நடுவே ஃபோம் வைத்த அட்டை) ஒற்றையாக நிறுத்திவிட்டேன். அது 25 செ.மீ. சுவர், இன்றைய ஒன்பது அங்குலச் செங்கல் சுவருக்குத்தான் பொருந்தும். ஜன்னலில் நிழலே விழவில்லை. இரண்டு போர்டுகளைச் சேர்த்து ஒட்டியதும் ஜன்னலுக்கு ஆழம் வந்தது, வீட்டுக்கு வயதும் வந்தது.

ஓட்டில் தவறு நேர்மாறாக நடக்கும். நாட்டு ஓட்டின் கனம் ஏறக்குறைய 1 செ.மீ.; 1:50 இல் 0.2 மி.மீ. அதாவது ஒரு வரைதாளின் கனம்தான். முதலில் பார்சல் பெட்டி அட்டையின் மேல்தாளை உரித்து, உள்ளிருக்கும் நெளியையே ஓடாக வைத்தேன். நெளிக்கு நெளி 6 மி.மீ. இருந்தது. நிஜத்தில் அது 30 செ.மீ. அகல ஓடு! அதைப் பிய்த்துப் போட்டுவிட்டு, ஈரப்படுத்திய தாளை ஈர்க்கின் மேல் அழுத்தி, காய்ந்தபின் அரைவட்டப் பட்டைகளாக நறுக்கினேன். ஓடுகள் தனித்தனியாகத் தெரிய, பட்டையில் 3 மி.மீ.க்கு ஒரு கீறல். ஒரு சரிவை மூட நான்கு மாலைகள் ஆயின. அந்த நான்கு மாலைகளை மிச்சம் பிடிக்காதீர்கள். பார்ப்பவரின் கண் முதலில் போவது கூரைக்குத்தான்.

ஒட்டுவதற்கு ஃபெவிகால் போதும். ஸ்பிரே பெயின்ட்டை வெட்டிய விளிம்பில் அடித்தால் உள்ளே இருக்கும் ஃபோம் கரைந்துவிடும். ஒரு சுவரை அப்படி இழந்தேன்.

பிளெண்டரிலும் இதே கதைதான். அங்கே சுவருக்குக் கனமே இல்லாமல் கூட வீடு கட்ட முடியும் என்பதால் ஆபத்து இன்னும் அதிகம். அலகை மீட்டரில் வைத்து, நிஜ அளவிலேயே கட்டுங்கள். பிறகு விளிம்புகளைக் கவனியுங்கள். கத்தி போன்ற விளிம்பு எந்த வீட்டிலும் கிடையாது. மரத்தூணுக்கு 3 மி.மீ. பெவல் கொடுத்து, அதாவது கூர் விளிம்பை மழுக்கிப் பாருங்கள், அந்த மெல்லிய விளிம்பில் வெளிச்சம் பட்டதுமே அது மரமாகிவிடும். பெவல் ஒரு பக்கம் பெரிதாகவும் மறுபக்கம் சிறிதாகவும் வந்தால், அதற்கு முன் ஸ்கேலை அப்ளை செய்ய, அதாவது இழுத்து மாற்றிய அளவையே பொருளின் அசல் அளவாகப் பதிய, மறந்திருப்பீர்கள். ஓடுகளை ஆல்ட்+டி விசைகளால் நகலெடுத்தால் எல்லா நகலும் ஒரே வடிவத் தரவைப் பகிர்ந்துகொள்ளும்; ஆயிரக்கணக்கில் அடுக்கினாலும் கோப்பு அதிகம் வீங்காது. ஒவ்வொன்றையும் ஓரிரண்டு பாகை திருப்பிவிடுங்கள். பழைய கூரையில் எந்த ஓடும் நேராக உட்கார்ந்திருக்காது.

அளக்க ஊரில் பழைய வீடு மிஞ்சவில்லை என்றால், சென்னைக்கு அருகே முட்டுக்காட்டில் உள்ள தக்ஷிணசித்ரா என்ற பாரம்பரிய வீடுகளின் அருங்காட்சியகத்துக்குப் போய் வாருங்கள். செட்டிநாட்டு வீடு உட்படப் பல வீடுகளுக்குள் நடந்து பார்க்கலாம்.

கடைசியாக, படம் எடுக்கும் உயரம். மேலிருந்து எடுத்தால் எவ்வளவு நல்ல மாதிரியும் பொம்மைதான். மனிதக் கண்ணின் உயரம் 1.6 மீட்டர் என்றால், 1:50 இல் 32 மி.மீ. கைப்பேசியைத் தலைகீழாகப் பிடித்தால் லென்ஸ் அந்த உயரத்துக்கு இறங்கும். திரையிலும் கேமராவை 1.6 மீட்டரில் வையுங்கள்.

அப்படி எடுத்த படத்தை அம்மாவிடம் காட்டினேன். வெகுநேரம் பார்த்துவிட்டு, "முற்றத்துத் தூண் பக்கத்தில் உரல் இருக்குமே, எங்கே?" என்று கேட்டார். அன்றிரவே களிமண்ணில் 8 மி.மீ. அகலத்தில் ஓர் உரல் செய்து வைத்தேன்.