ஜப்பானிய மௌனப் படங்கள் ஏன் மேடை நாடகம் மாதிரியே இருக்கின்றன?

மாதிரி என்ன, ஆரம்பத்தில் எடுத்ததே நாடகத்தைத்தான். இன்று மிஞ்சியிருக்கும் மிகப் பழைய ஜப்பானியப் படங்களில் ஒன்று ‘மொமிஜிகாரி’. 1899இல் ஷிபாதா சுனேகிச்சி எடுத்தது. கபுகி என்பது ஜப்பானின் மரபு மேடை நாடகம். டோக்கியோவின் கபுகிசா அரங்குக்குப் பின்னால் திறந்தவெளியில் ஒரு கபுகிக் காட்சியை ஆடவைத்து, கேமராவை எதிரே நிறுத்திவிட்டார். பேயாக மாறும் இளவரசியாக ஆடியவர் கபுகி நடிகர் ஒன்பதாம் டான்ஜூரோ, அறுபது தாண்டிய ஆண். அன்றைக்கு நல்ல காற்று. ஆடிக்கொண்டிருக்கும்போதே கையிலிருந்த விசிறியைக் காற்று பிடுங்கிக்கொண்டு போய்விட்டது. மறுபடி எடுக்கவில்லை, அப்படியே படத்தில் இருக்கிறது. நாலு நிமிடம்கூட வராத படம், அந்த விசிறிக்காகவே மூன்று தடவை பார்த்தேன். டான்ஜூரோவுக்கு சினிமா பிடிக்காது. தான் செத்த பிறகுதான் காட்ட வேண்டும் என்று சொல்லித்தான் ஒப்புக்கொண்டாராம்.

பெண் வேடத்தை ஆண்களே போடும் ‘ஒன்னகாதா’ வழக்கமும் கபுகியிலிருந்து அப்படியே வந்தது. 1920களின் தொடக்கம் வரை ஓடியது. பின்னாளில் பெரிய இயக்குநரான கினுகாசாவே முதலில் சினிமாவில் பெண் வேடம் கட்டியவர்தான்.

ஆனால் முக்கியமான ஆள் திரையில் இல்லை, திரைக்குப் பக்கத்தில் நின்றார். அவர்தான் ‘பென்ஷி’. கதையைச் சொல்வார், கிழவனாகவும் குழந்தையாகவும் குரல் மாற்றிப் பேசுவார், அழவும் வைப்பார். ஜப்பானியருக்கு இது புதிதே இல்லை. புன்ராக்கு பொம்மலாட்டத்தில் பொம்மை ஓரிடத்தில் ஆட, மேடை ஓரத்தில் உட்கார்ந்திருக்கும் ‘தாயு’ எல்லாப் பாத்திரங்களுக்கும் ஒருவராகவே பேசுவார், பக்கத்தில் ஷாமிசென் என்ற தந்தி வாத்தியம் ஒலிக்கும். உடம்பு ஓரிடம், குரல் வேறிடம் என்பது அவர்களுக்குப் பழகிய விஷயம். பேச ஒருவர் இருக்கும்போது, கேமரா கிட்டே போய் முகத்தைக் காட்டி விளக்க அவசரமும் இல்லை. தூரத்தில் நின்றே நீளமாக எடுத்துத் தள்ளினார்கள்.

இதை நான் புரிந்துகொண்டது ‘ஒரோச்சி’ (1925) பார்த்தபோது. முதலில் சத்தமே இல்லாத பிரதியில் பார்த்து, பாதியில் தூங்கிவிட்டேன். பிறகு பென்ஷி குரல் சேர்த்த பிரதி கிடைத்தது. கடைசியில் நாயகன் பாண்டோ சுமாசாபுரோவைக் கூட்டமாகச் சுற்றி வளைக்கும் வாள் சண்டையில், அந்தக் குரல் ஏற ஏற நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். அதே படம்தான்!

பென்ஷிகளுக்கு அவ்வளவு மவுசு. ஜப்பானில் பேசும் படம் தாமதமாகக் காலூன்றியதற்கு அதுவும் ஒரு காரணம். இயக்குநர் ஓசு தன் முதல் பேசும் கதைப்படத்தை எடுத்தது 1936இல்தான். அதற்குள் பல பென்ஷிகளுக்கு வேலை போயிருந்தது. இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோவும் பென்ஷிதான். பேசும் படங்களை எதிர்த்த வேலைநிறுத்தத்தில் முன்னால் நின்று தோற்றார். 1933இல் தற்கொலை செய்துகொண்டார்.