ஒரே வேடம்தானா?

கேள்வி: ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் 'ஏழாவது முத்திரை' (1957) படத்தில் கறுப்பு அங்கியும் வெள்ளை முகமுமாகக் கடற்கரையில் செஸ் ஆடும் 'மரணம்' யார்? முகம் உலகத்துக்கே தெரியும், பெயர் ஒருவருக்கும் தெரியவில்லை. ஒரே வேடத்தோடு காணாமல் போன துரதிர்ஷ்டசாலி என்று சொல்லலாமா?
— ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: அவர் பெயர் பெங்ட் ஏக்கெரோட். துரதிர்ஷ்டசாலி என்ற பட்டத்தை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். 1920-ல் ஸ்டாக்ஹோமில் பிறந்த அந்த மனிதரின் பிழைப்பு நாடக மேடை. நாம் பார்த்தது ஒரு படம் என்பதற்காக அவர் செய்ததும் ஒன்றுதான் என்று கணக்கு எழுதுவது என்ன நியாயம்?

அமெரிக்க நாடகாசிரியர் யூஜீன் ஓநீல் தன் சொந்தக் குடும்பத்தின் கதையை ஒரு நாடகமாக எழுதி வைத்திருந்தார். கருமியான நடிகர் அப்பா, மார்பின் பழக்கத்துக்கு அடிமையான அம்மா, குடிகார அண்ணன், காச நோயாளியாகத் தான். தான் இறந்து 25 வருஷம் வரை அதை வெளியிடக் கூடாது என்று பதிப்பாளரிடம் சொல்லியும் வைத்தார். 1953-ல் அவர் போய்ச் சேர்ந்தார். மனைவி கார்லோட்டா அத்தனை காலம் காத்திருக்கவில்லை. நாடகத்தை ஸ்டாக்ஹோமின் அரசு நாடக அரங்கத்துக்குக் கொடுத்துவிட்டார். 'இரவை நோக்கிய நெடும்பயணம்' உலகில் முதன்முதலாக மேடையேறியது 1956 பிப்ரவரி 10 அன்று, அதுவும் ஸ்வீடிஷ் மொழியில். நியூயார்க் அதைப் பார்க்க நவம்பர் வரை காத்திருந்தது. ஸ்டாக்ஹோமில் அதை இயக்கியவர் யார் தெரியுமா? 36 வயது ஏக்கெரோட். அப்பாவாக நடித்தவர் லார்ஸ் ஹான்சன், ஹாலிவுட் மௌனப் படத்தில் கிரெட்டா கார்போவோடு நடித்த மூத்த கலைஞர். அவரைப் போன்றவர்களை வைத்து வேலை வாங்கியவரைத்தான் காணாமல் போனவர் என்கிறீர்கள்.

அதே வருஷம் கோடையில்தான் 'மரணம்' வேடம். தெற்கு ஸ்வீடனில் ஹோவ்ஸ் ஹாலார் என்ற பாறைக் கடற்கரையில் அந்த முதல் காட்சியை எடுத்தார்கள். மண்டை ஓட்டையும் சர்க்கஸ் கோமாளியையும் கலந்த முகம் என்று பெர்க்மனும் அவரும் பேசி முடிவு செய்திருந்தார்கள். கொஞ்சம் பிசகினாலும் அரங்கம் சிரித்துவிடும், அப்படிப்பட்ட வேஷம். அவரோ குரலை உயர்த்துவதே இல்லை. கண்ணை உருட்டுவதில்லை. மரணத்தோடு செஸ் ஆடும், சிலுவைப் போரிலிருந்து திரும்பிய வீரன் (மேக்ஸ் வான் சிடோ) காய்களை வேண்டுமென்றே தட்டிவிட்டு, எது எங்கே இருந்தது என்று மறந்துவிட்டதாகச் சொல்லும் இடத்தைப் பாருங்கள். எனக்கு ஞாபகம் இருக்கிறது என்று சொல்லி, ஏக்கெரோட் ஒவ்வொன்றாக எடுத்து வைக்கிறார். பழைய பைல் எல்லாம் மனப்பாடமாகத் தெரிந்த தாலுகா ஆபீஸ் குமாஸ்தா மாதிரி, அவசரமே இல்லை.

எல்லோரும் செஸ்ஸையே பேசுகிறார்கள். என்னைக் கேட்டால் அவர் கொடி கட்டுவது மரம் அறுக்கும் காட்சியில். கூத்தாடி ஒருவன் மரத்தில் ஏறி ஒளிந்திருக்க, கீழே மரணம் ரம்பத்தை எடுத்து அறுக்கிறது. நடிகர்களுக்குச் சலுகை ஏதும் கிடையாதா என்று மேலிருந்து கெஞ்சுகிறான். இந்த விஷயத்தில் கிடையாது என்று பதில். நகைச்சுவை என்ற அடையாளமே முகத்தில் காட்டாமல் ஏக்கெரோட் அதைச் சொல்வார். சொல்லிவிட்டு அறுப்பார்.

அப்புறம், அந்த ஒரே வேடம் என்பதும் சரியில்லை. 'ஏழாவது முத்திரை' வெளிவந்த மறு வருஷமே, 1958-ல், பெர்க்மனின் 'முகம்' படத்தில் காட்டில் சாகக் கிடக்கும் குடிகார நடிகனாக வந்தார். செத்த பிறகு அந்தப் பிணத்துக்கும் படத்தில் ஒரு வேலை இருக்கிறது. கதாநாயகனான மந்திரவாதியின் உடல் என்று நினைத்து டாக்டர் அறுப்பது இவரைத்தான். ஏக்கெரோட் 1971-ல் 51 வயதில் காலமானார். அது சின்ன வயதுதான், அதற்கு வருத்தப்படலாம். மற்றபடி 'முகம்' கிடைத்தால் பார்த்துவிட்டு எழுதுங்கள்.