குசினிக் கேள்விகள்: மூடுபனியில் ஒரு பெருமூச்சு

சென்ற இதழில் போர்த்துக்கல் நாட்டின் 'சுஸ்பிரோ' என்னும் முட்டை வெண்கரு இனிப்பைப் பழத்துடன் பரிமாறும் முறையைச் சுருக்கமாக எழுதியிருந்தேன். மூன்று முட்டைகளின் வெண்கருவைச் சில துளி தேசிக்காய்ச் சாறு விட்டு அடித்து, 165 கிராம் சீனியைச் சிறிது சிறிதாகச் சேர்த்துக் கெட்டி நுரையாக்கி, கரண்டி கரண்டியாகத் தட்டில் இட்டு, அவன் (oven) அடுப்பில் 100 பாகை செல்சியஸில் ஒன்றரை மணித்தியாலம் உலர்த்த வேண்டும் என்பதுதான் அந்தக் குறிப்பு. எழுதும்போது சுலபமாகத்தான் தெரிந்தது. வந்திருக்கும் கடிதங்கள் அடுப்படியில் நடந்த கதையை வேறு விதமாகச் சொல்கின்றன. ஒரே விடயத்தைக் கேட்டவற்றைச் சேர்த்து ஐந்து கேள்விகளாகத் தருகிறேன்.

அன்புள்ள அக்கா, நீங்கள் சொன்ன அளவிலேயே செய்தேன். அவனிலிருந்து எடுத்தபோது தொட்டால் நொறுங்கும் பதத்தில் இருந்தது. மாலையில் விருந்தினர் வருவார்கள் என்று மதியமே ஸ்ட்ரோபெரிப் பழங்களை வெட்டி மேலே அடுக்கி வைத்தேன். அவர்கள் வந்து சேர்ந்தபோது தட்டில் பிசுபிசுப்பும் சிவப்புத் தண்ணீரும்தான் மிஞ்சியிருந்தன. என் தவறு எங்கே?
*வாசகி, தலவாக்கலை*

சகோதரி, உங்கள் கைப்பக்குவத்தில் பெரிய குறை எதுவும் இல்லை. பாதிக் குற்றம் மாதத்தின் மேல், மீதி ஸ்ட்ரோபெரியின் மேல். கடிதத்தில் திகதி இல்லை என்றாலும் உறையின் மேல் ஜூலை மாத முத்திரை இருந்தது. தென்மேல் பருவமழை தலவாக்கலை, ஹட்டன், மஸ்கெலியா பக்கத்து மலைச்சரிவுகளை நனைத்துக்கொண்டிருக்கும் காலம் அது. சுஸ்பிரோ என்பது அடிப்படையில் சீனியினால் கட்டப்பட்ட ஒரு கூடு. வெண்கருவிலுள்ள புரதம் நுரைக்குச் சுவர் எழுப்ப, அந்தச் சுவரில் சீனி பூசி உலர்ந்து நிற்கிறது. சீனியோ காற்றிலுள்ள ஈரத்தை இழுத்துக்கொள்ளும் இயல்புடையது. துவைத்த உடுப்பு மூன்று நாளாகியும் காயாத வீட்டில், திறந்து வைத்த சுஸ்பிரோ மட்டும் காய்ந்தபடி இருக்கும் என்று எதிர்பார்க்க முடியாது.

இதை நான் புத்தகத்தில் படித்து அறிந்துகொள்ளவில்லை. பல ஆண்டுகளுக்கு முன், நானு ஓயாவிலுள்ள உறவினர் வீட்டு விசேஷத்துக்கென்று அறுபது சுஸ்பிரோக்களைச் செய்து, ஒவ்வோர் அடுக்குக்கும் இடையில் வெட்டிய பழத்தைப் பரப்பி, பெரிய அட்டைப் பெட்டியில் வைத்துப் பண்டாரவளையில் ரயிலேறினேன். பட்டிப்பொலையில் மூடுபனி ரயில் பெட்டிக்குள்ளேயே வந்து உட்கார்ந்ததைப் போல இருந்தது. நானு ஓயாவில் இறங்கியபோது அட்டைப்பெட்டியின் அடிப்பக்கம் கழன்று, இளஞ்சிவப்புக் கஞ்சி என் சேலையில் வழிந்தது. அன்றிலிருந்து பழத்தையும் சுஸ்பிரோவையும் ஒரே பெட்டியில் வைப்பதில்லை.

ஸ்ட்ரோபெரியின் எடையில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். வெட்டிய பழத்தின் மேல் சீனி பட்டவுடன் அந்தத் தண்ணீர் வெளியே வரத் தொடங்கும். ஆகவே, பழத்தை வேறு கிண்ணத்தில் வைத்து, உண்ணும் வேளையில்தான் மேலே இட வேண்டும். முன்கூட்டியே அடுக்கித்தான் ஆகவேண்டும் என்றால், சுஸ்பிரோவின் மேற்புறத்தில் உருக்கிய சொக்லேட்டை மெல்லியதாகப் பூசி இறுக விடுங்கள். அந்தக் கொழுப்புப் படலம் சாற்றைச் சிறிது நேரம் தடுத்து நிறுத்தும்.

உலர்த்துவதில் இரண்டு செய்திகள் உண்டு. ஒன்றரை மணித்தியாலம் முடிந்தவுடன் தட்டை வெளியே எடுக்காமல், அவனை அணைத்துக் கதவைத் திறக்காமல் இரவு முழுவதும் உள்ளேயே விட்டுவிடுங்கள். காலையில் எடுத்த கையோடு, இறுக மூடக்கூடிய பால்மா டின்னுக்குள் போட்டுவிட வேண்டும். டின்னின் அடியில் வெறும் சட்டியில் வறுத்து ஆறவைத்த அரிசியைச் சிறு துணி முடிச்சாகக் கட்டி வைப்பது என் வழக்கம். இலேசாக இளகிப்போனவற்றை மீண்டும் 100 பாகையில் கால் மணித்தியாலம் வைத்தால் மொறுமொறுப்புத் திரும்பும். பழச்சாறு பட்டவற்றுக்கு அந்த வாய்ப்பில்லை.

சீனியையும் ஒரு முறை பாருங்கள். நம் கடைகளில் கிடைக்கும் சீனியின் மணிகள் பருமனானவை. கிரைண்டரில் ஒரு சுற்று அரைத்துச் சேர்ப்பது நல்லது. அடித்த நுரையில் ஒரு துளியைப் பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையில் வைத்துத் தேய்த்துப் பாருங்கள். மணல்போல் நெருடினால் சீனி இன்னும் கரையவில்லை என்று பொருள். அந்தக் கரையாத மணிகள்தான் பிறகு அவனுக்குள் பாகுத் துளிகளாகக் கசிகின்றன.

எல்லாவற்றையும் விட மேலான யோசனை ஒன்று உண்டு: மாதம் பார்த்துச் செய்யுங்கள். உங்கள் பக்கத்தில் பெப்ரவரியும் மார்ச்சும் சுஸ்பிரோவுக்கு ஏற்றவை. ஜூலையில் ஆசை வந்தால் பதுளை, பண்டாரவளைப் பக்கம் உறவினர் இருக்கிறார்களா என்று பாருங்கள். தென்மேல் பருவத்தில் ஊவாவில் காய்ந்த காற்று வீசும். அதே மலைதான், ஆனால் ஒரு பக்கம் நனையும்போது மறுபக்கம் காய்கிறது.

எங்கள் லயன் வீட்டில் அவன் இல்லை. ஒரு எரிவாயு அடுப்பும் விறகடுப்பும்தான் இருக்கின்றன. பிள்ளைகள் உங்கள் பக்கத்தில் வந்த படத்தைப் பார்த்துவிட்டுக் கேட்கிறார்கள். வேறு வழி உண்டா, அம்மா?
*வாசகி, மஸ்கெலியா*

உண்டு. அதுவும் உங்கள் ஊரின் மழைக்கு நான் முதலில் சொல்லியிருக்க வேண்டிய வழி. போர்த்துக்கேயர் அதே வெண்கரு நுரையைப் பாலில் வேகவைத்தும் உண்கிறார்கள். அதற்கு 'ஃபரோஃபியாஷ்' என்று பெயர். உலர வேண்டிய தேவையே இல்லாத பண்டத்தை எந்த மூடுபனியும் ஒன்றும் செய்துவிட முடியாது. மலையகத்தில் ஆண்டின் பெரும்பகுதியில் சுஸ்பிரோவோடு மல்லுக்கட்டுவதைவிட இதைச் செய்வதே புத்திசாலித்தனம் என்பது என் எண்ணம்.

அரை லீற்றர் பாலை அகன்ற தாச்சியில் ஊற்றி, ஒரு விரல் நீளக் கறுவாப்பட்டை, வெள்ளைப் பகுதி சேராமல் மெல்லியதாகச் சீவிய எலுமிச்சைத் தோல், மூன்று மேசைக்கரண்டி சீனி ஆகியவற்றைப் போட்டுச் சூடாக்குங்கள். பசும்பால் கிடைக்காவிட்டால் அறுபது கிராம் பால்மாவை அரை லீற்றர் தண்ணீரில் கட்டியில்லாமல் கரைத்துக்கொண்டால் போதும். பால் சூடாகிக்கொண்டிருக்கும்போது மூன்று வெண்கருவை அடிக்கத் தொடங்கலாம். முட்டையைக் குளிராக இருக்கும்போதே உடைத்து வெண்கருவைப் பிரித்தெடுங்கள், அப்போதுதான் மஞ்சள் கரு கிழியாது. அடிப்பதற்கு முன் சிறிது நேரம் வெளியில் வைத்தால் நுரை நன்றாக எழும்பும். மஞ்சள் கருவோ எண்ணெய்ப் பிசுக்கோ சிறிதளவு கலந்தாலும் நுரை மந்தமாகிவிடும் என்பதால், பிளாஸ்டிக் பேசினைத் தவிர்த்து, சில்வர் பாத்திரத்தைத் தேசிக்காய்த் துண்டால் துடைத்துப் பயன்படுத்துங்கள். மின்கலக்கி இல்லையென்றால் கம்பி மத்தால் பதினைந்து நிமிடம் அடிக்க வேண்டியிருக்கும். பிள்ளைகள் கேட்ட பலகாரம்தானே, அவர்களும் முறை போட்டு அடிக்கட்டும். நுரை வெண்மையாகி மத்தின் தடம் பதியத் தொடங்கியதும் நான்கு மேசைக்கரண்டி அரைத்த சீனியைச் சிறிது சிறிதாகச் சேர்த்து, மத்தைத் தூக்கினால் கூம்பு வளையாமல் நிற்கும் வரை அடியுங்கள்.

பால் தளதளவென்று கொதிக்கக் கூடாது. தாச்சியின் ஓரத்தில் சிறு குமிழிகள் எழும்பும் அளவுக்குத் தீயைக் குறைத்துவிட்டு, இரண்டு கரண்டிகளால் நுரையை அள்ளி முட்டை வடிவில் ஒரு தடவைக்கு மூன்று அல்லது நான்கு மட்டும் மிதக்க விடுங்கள். ஒரு நிமிடத்தில் திருப்பிப் போட்டு, மறுபக்கமும் ஒரு நிமிடம் வெந்ததும் வடிகரண்டியால் எடுத்து வடிய விடுங்கள். பாலுக்குள் இருக்கும்போது அவை பூரித்து உப்பும். அதைப் பார்த்து மயங்கி அதிக நேரம் விட்டால், வெளியே எடுத்ததும் சுருங்கி ரப்பராகிவிடும்.

மீதமுள்ள பாலை வடிகட்டி, மூன்று மஞ்சள் கருவையும் ஒரு தேக்கரண்டி சோளமாவையும் சிறிதளவு குளிர்ந்த பாலில் கரைத்துச் சேர்த்து, சிறு தீயில் விடாமல் துழாவுங்கள். கரண்டியின் முதுகில் படிந்த கூழில் விரலால் கோடிழுத்தால் அந்தக் கோடு மூடாமல் நிற்க வேண்டும், அதுவே பதம். நுரை முட்டைகளின் மேல் இதை ஊற்றிக் கறுவாத் தூளைத் தூவி ஆற விடுங்கள். வெண்கருவும் மஞ்சள் கருவும் ஒரே சட்டியில் செலவாகிவிடுவதால், மிஞ்சியதை என்ன செய்வது என்று யோசிக்க வேண்டியதில்லை.

எங்கள் பாட்டியின் பூர்வீகம் தூத்துக்குடி. அவர் சொல்லும் மக்ரூனும் உங்கள் சுஸ்பிரோவும் ஒன்றா? இது உண்மையிலேயே போர்த்துக்கேயப் பண்டமா?
*வாசகர், பதுளை*

உடன்பிறப்புகள் என்று சொல்லலாம். தூத்துக்குடி மக்ரூனில் வெண்கரு நுரையோடு முந்திரித் தூள் சேர்கிறது. சுஸ்பிரோவில் அது இல்லை. பதினாறாம் நூற்றாண்டில் முத்துக்குளித்துறையில் நிலைகொண்ட போர்த்துக்கேயர் வழி வந்த பண்டம் என்றே மக்ரூனைத் தூத்துக்குடியில் சொல்வார்கள். முந்திரியையும் பிரேசிலிலிருந்து இந்தியாவுக்குக் கொண்டுவந்தவர்கள் அவர்களே. சுஸ்பிரோ என்ற சொல்லுக்கு அவர்கள் மொழியில் பெருமூச்சு என்று பொருள். அங்கே கன்னியர் மடங்களில் உடுப்புகளுக்குக் கஞ்சி போட வெண்கருவைப் பயன்படுத்திவிட்டு, மிஞ்சிய மஞ்சள் கருவில் இனிப்புகள் செய்தார்கள் என்றொரு கதை வழங்குகிறது. போர்த்துக்கல்லின் மடத்து இனிப்புகள் பலவும் மஞ்சள் கருவால் ஆனவை என்பதை நினைத்தால் கதை பொருந்தத்தான் செய்கிறது.

1505இல் இலங்கைக் கரைக்கு வந்து 1658இல் வெளியேறிய அவர்களால் கண்டி இராச்சியத்தைப் பிடித்து ஆள முடியவில்லை. ஆனால் அவர்களுடைய சொற்கள் மலையேறிவிட்டன. நாம் உண்ணும் பாண், அது வேகும் போறணை, இந்தப் பகுதியின் தலைப்பிலுள்ள குசினி, ஃபரோஃபியாஷ் வேகும் தாச்சி, பரிமாறும் மேசை, மேலே இடும் அன்னாசி எல்லாம் போர்த்துக்கேய மொழி வழியாக வந்தவையே.

கொதிக்கும் சீனிப் பாகை நுரையில் ஊற்றிச் செய்யும் முறையை முயன்றேன். குறிப்பில் சொன்னபடி வெப்பமானி 118 பாகை காட்டியதும் ஊற்றினேன். பாகு நூல் நூலாக இறுகிப் பாத்திரத்தில் ஒட்டிக்கொண்டது. வெப்பமானி பழுதா?
*வாசகி, நுவரெலியா*

வெப்பமானியைக் குப்பையில் போட்டுவிடாதீர்கள். அந்தக் குறிப்பு கடல் மட்டத்துக்கு எழுதப்பட்டது; நீங்கள் இருப்பதோ ஏறத்தாழ 1,868 மீற்றர் உயரத்தில். உயரம் ஏற ஏறக் காற்றழுத்தம் குறைவதால், ஏறக்குறைய 300 மீற்றருக்கு ஒரு பாகை வீதம் தண்ணீரின் கொதிநிலையும் இறங்குகிறது. உங்கள் வீட்டில் தண்ணீர் கிட்டத்தட்ட 94 பாகையிலேயே கொதித்துவிடும். பாகும் அப்படியே: நுவரெலியாவில் 118 பாகை வரும்போது, கொழும்பில் அதே சூட்டில் இருப்பதைவிடக் கூடுதலான தண்ணீர் ஆவியாகிப் போயிருக்கும். முதலில் வெறும் தண்ணீரைக் கொதிக்கவைத்து வெப்பமானி என்ன காட்டுகிறது என்று பாருங்கள். அது 100இலிருந்து எத்தனை பாகை குறைகிறதோ அத்தனை பாகையைக் குறிப்பிலிருந்தும் குறைத்துவிடுங்கள். உங்களுக்கு 112 சரியாக இருக்கும்.

வெப்பமானி இல்லாதவர்களுக்கு நம் வீட்டுப் பெரியவர்களின் முறை போதும். குளிர்ந்த தண்ணீர்க் கிண்ணத்தில் ஒரு சொட்டுப் பாகை விட்டு விரல்களால் திரட்டினால் மெழுகுபோல் மென்மையான உருண்டையாக வர வேண்டும். அதிரசத்துக்குப் பாகு பார்த்துப் பழகிய கைக்கு இது புதிதல்ல; இந்தப் பதம் எந்த உயரத்திலும் மாறுவதில்லை. பாகை ஊற்றும்போது சுழலும் கம்பியின் மேல் படாமல், பாத்திரத்தின் உட்சுவரை ஒட்டி மெல்லிய தாரையாக விடுங்கள்.

எந்தப் பழம் பொருந்தும்? பச்சை முட்டை கலந்ததைப் பிள்ளைகளுக்குக் கொடுக்கலாமா?
*வாசகிகள் இருவர், ஹட்டன், வெலிமடை*

மெரேங் எனப்படும் இந்த வெண்கரு நுரை இனிப்பு வகைகள் அனைத்துமே கடும் இனிப்பு என்பதால் புளிப்புள்ள பழமே துணை. என் முதல் தெரிவு பெஷன் புரூட். விதையோடு ஒரு கரண்டி போதும். ஸ்ட்ரோபெரி அடுத்தது. மரத்தக்காளியை யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை. கொதிநீரில் ஒரு நிமிடம் இட்டுக் கசக்கும் தோலை உரித்து, சீனியும் கறுவாவும் சேர்த்து வேகவைத்து ஃபரோஃபியாஷின் மேல் ஊற்றிப் பாருங்கள்; அந்தக் கருஞ்சிவப்புச் சாறு வெண்ணிற நுரையில் இறங்கும் அழகுக்காகவே செய்யலாம். வெலிமடைச் சகோதரி தோட்டத்துப் பேரிக்காயைப் பற்றிக் கேட்டிருந்தார். அதையும் வேகவைத்தே சேர்க்க வேண்டும். அன்னாசியைப் பச்சையாகப் பால் கூழில் போடாதீர்கள். அதிலுள்ள நொதி பாலின் புரதத்தைச் சிதைத்துக் கசப்பேற்றும். ஐந்து நிமிடம் கொதிக்கவைத்தால் அந்தத் தொல்லை இல்லை. பட்டர் புரூட் (அவகாடோ) வேண்டாம். அதன் கொழுகொழுப்பு இந்த இனிப்போடு சேர்ந்தால் திகட்டும்.

முட்டையைப் பொறுத்தவரை, சுஸ்பிரோவும் ஃபரோஃபியாஷும் வெந்தவை, பயப்பட வேண்டியதில்லை. வேகவைக்காத நுரையைப் பழத்தின் மேல் அப்படியே பரிமாறும் முறையைச் சிறு பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் முதியவர்களுக்கும் தவிர்த்துவிடுங்கள். விரும்பினால் வெண்கருவையும் சீனியையும் ஒரு பாத்திரத்தில் சேர்த்து, கொதிநீர்ச் சட்டியின் ஆவியில் அதைத் தாங்கி, 71 பாகை வரும் வரை துழாவிய பின் இறக்கி அடிக்கலாம். துழாவுவதை நடுவில் நிறுத்தினால் ஓரங்களில் வெண்கரு திரைந்துவிடும் என்பதால், அந்த நேரத்தில் கதவைத் தட்டுபவரைச் சற்றுக் காத்திருக்கச் சொல்லுங்கள்.